நாய் நக்கித்தான் குடிக்கணும்

டிஸ்கி: நான் கால்நடை மருத்துவர் இல்லை. ட்ராம்பே பக்கம் ஓர் ஆலையில் உப்பையும் தண்ணீரையும் பிரித்துக்கொண்டிருக்கிற கெமிக்கல் இன்ஜினியர். நாய் வளர்க்கிறவர்கள் முழுசாகப் படிக்கவும். வளர்க்காதவர்களும் படிக்கலாம், வீட்டில் யாராவது மாரத்தான் ஓடுகிறவர்கள் இருந்தால் உபயோகப்படும் :-)

"ஆறு நிறையத் தண்ணி ஓடினாலும் நாய் நக்கித்தான் குடிக்கணும்"னு எங்க ஊர்ப்பக்கம் ஒரு சொலவடை உண்டு. எவ்வளவு கொட்டிக் கிடந்தாலும் அவனவன் கொடுப்பினை அவ்வளவுதான் என்று சொல்ல ஆச்சி இதை எடுத்து விடுவாள். கேட்கிறவனுக்கும் இளக்காரம், நாய்க்கும் இளக்காரம். மாதுங்கா மாமா வீட்டு ஜிம்மிக்கு நடந்ததைப் பார்த்த பிறகு, நக்கிக் குடிப்பதை நாயின் தலையெழுத்து என்று என்னால் நினைக்க முடியவில்லை. அது அதுக்குப் போட்ட வேலி.

நாய்க்கு நம்மை மாதிரி கன்னம் கிடையாது. வாய் ஓரம் காதுப்பக்கம் வரைக்கும் திறந்து கிடக்கும். அதனால் உறிஞ்ச முடியாது. நாக்கைப் பின்பக்கமாக மடித்துத் தண்ணீருக்குள் விட்டு, வெடுக்கென்று மேலே இழுக்கும். கூடவே ஒரு தண்ணீர்த் தூண் எழும்பும். அது கீழே விழுவதற்குள் வாயை மூடிக் கவ்விக்கொள்ளும். 2015ல் அமெரிக்காவில் சில ஆராய்ச்சியாளர்கள் இதைக் கேமரா வைத்துப் படம்பிடித்து, நாக்கு எவ்வளவு வேகத்தில் மேலே வருகிறது என்றெல்லாம் கணக்குப் போட்டிருக்கிறார்கள். (இதுக்கெல்லாம் கூடவா என்று தங்கமணி கேட்டாள். பின்னே, நாங்க பம்புக்குக் கணக்குப் போடலியா?) ஒவ்வொரு நக்கலுக்கும் கொஞ்சமே கொஞ்சம் தண்ணீர்தான் உள்ளே போகும். தாகம் அடங்கினதும் நாய் தலையைத் தூக்கிவிடும்.

வம்பு எங்கே ஆரம்பிக்கிறது என்றால், நாய் தாகத்துக்குக் குடிக்காமல் விளையாட்டுக்கு வாயைத் திறக்கும்போது. தண்ணீரில் மிதக்கிற பந்தைக் கவ்வ வாயை முழுசாகத் திறந்தாக வேண்டும். பந்தோடு தண்ணீரும் உள்ளே போகும். நீந்திக்கொண்டே துப்ப முடியாது, மூச்சுக்குழாயில் போகாமல் இருக்க விழுங்கிவிடும். ஓஸ் பைப்பிலிருந்து பீய்ச்சுகிற தண்ணீரைக் கடிக்கப் பாய்கிற நாய்க்கும் இதே கதைதான். தாகமா இல்லையா என்று உடம்பை யாரும் கேட்பதே இல்லை.

சரி, ஜிம்மி கதைக்கு வருகிறேன்.

ஜிம்மி பத்து கிலோ காக்கர் ஸ்பானியல். உண்மையில் அவன் மாமா வாங்கிய நாய் இல்லை, மாமாவின் பையன் வாங்கியது. 2016ல் பையனுக்கு நியூ ஜெர்சியில் வேலை கிடைத்தபோது ஜிம்மிக்கு ஆறு மாசம். "செட்டில் ஆனதும் வந்து கூட்டிண்டு போறேன்ப்பா" என்று சொல்லிவிட்டுத்தான் போனான். உங்களுக்குத்தான் தெரியுமே, அந்த 'செட்டில் ஆனதும்' எப்போ வரும்னு. அப்புறம் மாமாவுக்கும் மாமிக்கும் நாள் என்பதே ஜிம்மியைச் சுத்தித்தான் ஓடியது. காலையில் ஒரு நடை, சாயங்காலம் ஃபைவ் கார்டன்ஸ் வரைக்கும் ஒரு நடை, ராத்திரி எட்டரைக்குப் பேரனோடு வீடியோ கால். போனில் பேரன் முதலில் தேடுவது ஜிம்மியைத்தான். தாத்தா பாட்டி எல்லாம் அதுக்கப்புறம்.

2023 ஜூலையில் அந்தப் பேரன் லீவுக்கு வந்திருந்தான். வயசு பத்து. மழைக்காலத்தில் மும்பைக்காரர்களுக்குக் கர்ஜத் பைத்தியம் பிடிக்குமே, அந்த மாதிரி நீச்சல்குளத்தோடு ஒரு பங்களாவை வாடகைக்கு எடுத்துக் குடும்பத்தோடு போனார்கள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பையன் குளத்தில் டென்னிஸ் பந்தைப் போடுவதும் ஜிம்மி குதித்து எடுத்து வருவதுமாக ஒரு மணி நேரம் போயிருக்கிறது. ஏழு வருஷமாகக் கண்ணாடிக்குள் பார்த்த நாய் நிஜமாகவே கையில் பந்தைக் கொண்டுவந்து கொடுக்கிறது. எந்தக் குழந்தைதான் நிறுத்தும்? எந்தப் பாட்டிக்குத்தான் நிறுத்தச் சொல்ல மனசு வரும்? மாமி வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்.

சாயங்காலம் கிளம்பிக் காரில் வரும்போது பன்வேல் பக்கத்தில் ஜிம்மி வாந்தி எடுத்தான். வெறும் தண்ணீர். அப்புறம் படுத்துவிட்டான். நாள் பூரா ஆடின களைப்பு என்று எல்லாரும் நினைத்தார்கள். வாஷி டோல் நெரிசலில் வாயிலிருந்து எச்சில் ஒழுகிக்கொண்டே இருந்தது. வீட்டு வாசலில் இறக்கிவிட்டால் மாடிப்படி ஏறத் தெரியவில்லை. பின்னங்கால் ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு போய்ச் சுவரில் முட்டினான். வாடகைக் கார் போய்விட்டது. மாமா எனக்குப் போன் போட்டார்.

"தம்பி, ஜிம்மி குடிச்சவன் மாதிரி நடக்கறான். செத்த வண்டியை எடுத்துண்டு வர முடியுமா?"

செம்பூரிலிருந்து சயன் வழியாக மாதுங்கா போய்ச் சேர மழையில் அரை மணி. வயிறு கும்மென்று இருந்தது, ஈறு வெளுத்திருந்தது, கண்மணி ரெண்டும் அகலமாக விரிந்து எதையும் பார்க்காமல் பார்த்துக்கொண்டிருந்தது. ஞாயிறு ராத்திரி திறந்திருந்த முதல் கிளினிக்கில் அஜீரணம், அசதி என்றார்கள். "ஒரு டிரிப்ஸ் ஏத்திடுங்கோ டாக்டர், தெம்பு வரும்" என்று மாமாவே கேட்டுக்கொண்டார். குளுக்கோஸ் பாட்டிலைத் தொங்கவிட்டு ஊசி குத்த இடம் தேடிக்கொண்டிருக்கும்போதே ஜிம்மிக்கு வலிப்பு வந்தது. இங்கே முடியாது, பெரிய இடத்துக்குக் கொண்டுபோங்கள் என்று அனுப்பிவிட்டார்கள்.

அடுத்த இடத்தில் இருந்தது சின்ன வயசு டாக்டரம்மா. நாயை மேஜையில் கிடத்துவதற்குள் அவர் கேட்ட முதல் கேள்வி: "ஆஜ் பானி மே கேலா க்யா?"

இன்னிக்குத் தண்ணீரில் விளையாடினானா. அவ்வளவுதான் கேள்வி. மாமா பதில் சொல்லும்போதே ரத்தம் எடுத்தாகிவிட்டது. கொஞ்ச நேரத்தில் ரிசல்ட் வந்தது. சோடியம் 119. நாய்க்கு 140க்கு மேலே, 150ஐ ஒட்டி இருக்க வேண்டியது.

இந்த இடத்தில் என் தொழில் புத்தி முழித்துக்கொண்டது. உங்களுக்கும் அந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுகிறேன், பெரிய கணக்கு ஒன்றும் இல்லை.

ராத்திரி ஊறப்போட்ட கொண்டைக்கடலை காலையில் ஏன் உப்பிப் போகிறது? உள்ளே கரைசல் கெட்டி, வெளியே வெறும் தண்ணீர். தண்ணீர் கெட்டியான பக்கம்தான் நகரும். ரத்தத்தில் சோடியம் இருப்பதால்தான் உடம்பில் இருக்கிற செல்கள் கொண்டைக்கடலை மாதிரி ஊறாமல் அளவோடு இருக்கின்றன. திடீரென்று நிறையத் தண்ணீர் சேர்ந்து ரத்தம் நீர்த்துப்போனால் செல்கள் தண்ணீரை இழுத்து உப்ப ஆரம்பிக்கும். கையில் காலில் உப்பினால் பரவாயில்லை, தோல் கொடுக்கும். மூளை இருப்பதோ மண்டையோட்டுக்குள். மூடி இறுக்கின டப்பாவில் கடலை ஊறப்போட்டது மாதிரி. தள்ளாட்டம், வாந்தி, வலிப்பு, நினைவு தப்புவது எல்லாமே அந்த டப்பாவுக்குள் நடக்கிற நெருக்கடிதான்.

எவ்வளவு தண்ணீர் போனால் இப்படி ஆகும்? பத்து கிலோ நாயின் உடம்பில் தோராயமாக ஆறு லிட்டர் தண்ணீர் இருக்கும். சோடியம் 145. வெளியே போகாமல் இன்னும் 1.2 லிட்டர் சேர்ந்தால் 121க்கு இறங்கிவிடும். ஒன்றேகால் லிட்டர்கூட இல்லை! அந்த நாய் சாதாரணமாக நாள் முழுக்கக் குடிப்பதே அரை லிட்டர், மிஞ்சினால் அறுநூறு மில்லி. மாமி எடுத்த எட்டு நிமிஷ வீடியோவில் ஜிம்மி ஆறு தடவை பந்தை எடுத்து வருகிறான். அப்படியானால் ஒரு மணி நேரத்தில் 45 தடவை. ஒரு தடவைக்கு ஒரு சின்ன ரசக் கரண்டி, முப்பது மில்லி உள்ளே போனது என்று வைத்துக்கொண்டாலும் 1350 மில்லி. சிறுநீரகம் தண்ணீரை வெளியே தள்ளும்தான், ஆனால் அதுக்கு நேரம் வேணும். முப்பது கிலோ லாப்ரடாருக்கு இதே நிலைமை வர மூணரை லிட்டருக்கு மேலே போகணும். சின்ன நாய்க்குத்தான் ஆபத்து சீக்கிரம். காக்கர் மாதிரி, ஓய்வே கேட்காமல் "இன்னொண்ணு போடு, இன்னொண்ணு போடு" என்று நிற்கிற நாய்க்கு இன்னும் சீக்கிரம்.

அந்தக் குளுக்கோஸ் பாட்டிலை நினைத்தால் எனக்கு இன்னும் அடிவயிற்றைப் பிசைகிறது. 5 சதவீத குளுக்கோஸில் இருக்கிற சர்க்கரையை உடம்பு எரித்துவிடும், மிச்சம் வெறும் தண்ணீர். ஏற்கனவே தண்ணீரில் மூழ்கிக்கொண்டிருக்கிற மூளைக்கு இன்னும் தண்ணீர். நம்ம ஜனங்களுக்கு டிரிப்ஸ் ஏத்தினால்தான் வைத்தியம் பார்த்த திருப்தி. ஊரிலும் அப்படித்தான், இங்கேயும் அப்படித்தான். டாக்டரம்மா கொடுத்தது நேர் எதிர்: கெட்டியான உப்புக் கரைசல் அளவு பார்த்துச் சொட்டுச் சொட்டாக, மூளை வீக்கம் குறைய மானிட்டால், வலிப்புக்கு ஊசி. சில மணி நேரத்துக்கு ஒரு தடவை ரத்தம் எடுத்து சோடியம் பார்த்தார்கள். தடாலடியாக ஏற்றுவதும் மூளைக்கு ஆபத்து, அதனால்தான் இவ்வளவு நிதானம் என்றார்.

ராத்திரி இரண்டு மணிக்கு அந்த பெஞ்சில் உட்கார்ந்து மாமா நாயைப் பற்றிப் பேசவே இல்லை. "அந்தக் குழந்தைகிட்ட என்னன்னு சொல்றது? அடுத்த வாரம் பிளேன் ஏறணும் அவன். நான்தான் கொன்னுட்டேன்னு நெனச்சுண்டே போவானே." இதையே திருப்பித் திருப்பிச் சொல்லிக்கொண்டிருந்தார். எனக்குப் பதில் தெரியவில்லை. மெஷினிலிருந்து டீ வாங்கிக் கொடுத்தேன்.

மறுநாள் மத்தியானம் சோடியம் 136. அன்றைக்கு முழுக்க ஜிம்மிக்கு யாரையும் அடையாளம் தெரியவில்லை. அதற்கடுத்த நாள் பேரன் குரல் கேட்டு வாலை ஆட்டினான். பிழைத்துக்கொண்டான். எல்லா நாய்க்கும் இந்த அதிர்ஷ்டம் இருக்காது. வலிப்பு வந்தபிறகு ஆஸ்பத்திரி போய்ச் சேர்வதற்குள் முடிந்துபோகிறவை உண்டு. விளையாடி முடித்துச் சில மணி நேரத்துக்குள் நடக்கிற விஷயம் இது, அந்த நேரத்தைத்தான் நாம் "பாவம், அசந்து தூங்குது" என்று விட்டுவிடுகிறோம்.

ஆபீஸில் இதைச் சொன்னபோது சிரித்தார்கள். தண்ணி குடிச்சு யாராவது சாவாங்களா என்று. 2007 ஜனவரியில் அமெரிக்காவின் சாக்ரமெண்டோவில் ஒரு ரேடியோ நிலையம் போட்டி வைத்தது: தண்ணீரைக் குடித்துக்கொண்டே இருக்கணும், பாத்ரூம் போகக்கூடாது, ஜெயிக்கிறவருக்கு ஒரு வீடியோ கேம் பெட்டி. கலந்துகொண்ட ஒரு பெண், மூன்று குழந்தைகளுக்குத் தாய், சில மணி நேரத்தில் இறந்துபோனார். 2002 பாஸ்டன் மாரத்தானில் ஓடிய 488 பேரின் ரத்தத்தைப் பரிசோதித்ததில் 13 சதவீதம் பேருக்கு சோடியம் குறைவாக இருந்ததாக 2005ல் கட்டுரை வந்தது. மூன்று பேருக்கு அது 120ஐத் தொட்டிருந்தது. ஓடி முடித்தபோது எடை குறையாமல் கூடியிருந்தவர்கள்தான் அதிகம் மாட்டினார்கள். வியர்த்ததைவிடக் குடித்தது ஜாஸ்தி. இங்கே ஜனவரி மாரத்தானுக்குப் பயிற்சி எடுக்கிற நம்ம செம்பூர் கோஷ்டியும் இதைக் கொஞ்சம் கவனிக்கவும்.

தாராவி 90 அடி ரோட்டில் இருக்கிற எங்க ஊர் அண்ணாச்சியிடம் சொன்னபோதோ அவர் சிரிக்கவில்லை, கோபப்பட்டார். "என்ன தம்பி சொல்லுதீய? இங்க காலையில கொஞ்ச நேரம் வார தண்ணிக்கு டிரம்ம வச்சிக்கிட்டு நிக்கோம். தண்ணி கூடிப்போயி நாய்க்குச் சீக்கா?" அவர் கேட்டதில் நியாயம் இருக்கிறது. இது நீச்சல்குளம் இருக்கிறவர்களுக்கு வருகிற வியாதிதான். அவர் கடை வாசலில் பாதியாக வெட்டின பெயிண்ட் டப்பாவில் தண்ணீர் வைத்திருப்பார். தெரு நாய்கள் வரும், நாலு நக்கு நக்கும், போய்விடும். அதுகளுக்கு யாரும் பந்து போடுவதில்லை.

ஆனால் நீச்சல்குளம் மட்டும்தான் என்றும் நினைக்க வேண்டாம். எங்க சொசைட்டியிலேயே ஞாயிறு காலையில் கார் கழுவுகிற ஓஸ் பைப்பைப் பிள்ளைகள் நாய்மேல் பீய்ச்சுவார்கள், அது எகிறி எகிறிக் கடிக்கும், பார்க்க வேடிக்கையாகத்தான் இருக்கும். ஹோலி அன்றைக்குக் கேட்கவே வேண்டாம். அழுத்தத்தோடு வருகிற தண்ணீர் என்பதால் சின்ன நாய்க்கு அஞ்சு பத்து நிமிஷத்திலேயே ஏகப்பட்டது உள்ளே போய்விடும். ஊரில் பம்புசெட் தண்ணீரைக் கடித்து விளையாடுகிற நாய்களைப் பார்த்திருக்கிறேன். அதுகளை யாரும் பிடித்து வைப்பதில்லை, சலித்தால் வயக்காட்டுக்குள் ஓடிவிடும். நம்ம காம்பவுண்டுக்குள் எங்கே ஓடும்?

ஜுஹு கடற்கரைக்கு நாயைக் கூட்டிப்போகிறவர்களுக்கு விஷயம் தலைகீழ். லிட்டருக்கு 35 கிராம் உப்பு. அங்கே சோடியம் ஏறும். அதுவும் மூளையைத்தான் தாக்கும். குடிக்க நல்ல தண்ணீர் கையில் கொண்டுபோங்கள். மழையில் தெருவில் தேங்குகிற தண்ணீர் இன்னொரு தொல்லை. 2005 ஜூலை 26ல் சாந்தாகுரூசில் ஒரே நாளில் 944 மில்லிமீட்டர் கொட்டியதே, அந்த வெள்ளம் வடிந்த பிறகு எலிக்காய்ச்சல் ஊரைப் பிடித்தது. எலி மூத்திரம் கலந்த தண்ணீரால் நாய்க்கும் அது வரும், சிறுநீரகத்தையும் ஈரலையும் பிடிக்கும். வருஷா வருஷம் போடுகிற தடுப்பூசி இருக்கிறது, போட்டுவிடுங்கள். இது தனிப் பதிவாக எழுத வேண்டிய சமாச்சாரம்.

அதுக்காக வீட்டுக்குப் போய்த் தண்ணிக் கிண்ணத்தை ஒளித்து வைத்துவிடாதீர்கள்! நக்கிக் குடிக்கிறதால் ஆரோக்கியமான நாய்க்கு இது வராது, மும்பைப் புழுக்கத்தில் தண்ணீர் இல்லாவிட்டால்தான் கஷ்டம். (கிண்ணம் கிண்ணமாகத் தினமும் குடித்துக்கொண்டே இருந்தால் அது சர்க்கரையோ சிறுநீரகமோ, அதுவும் டாக்டரிடம்தான் போகணும்.) தண்ணீர் விளையாட்டை முழுசாக நிறுத்தவும் வேண்டாம். பத்து நிமிஷத்துக்கு ஒருமுறை வெளியே கூப்பிட்டு உட்கார வைத்து, ஒண்ணுக்குப் போக விட்டால் போதும் என்றார் டாக்டரம்மா. உருண்டைப் பந்துக்குப் பதில் தட்டையான பொம்மை நல்லதாம், கவ்வ வாயை அவ்வளவு அகலத் திறக்க வேண்டாம், தண்ணீர் குறைவாகப் போகும். மாமா ஒரு ரப்பர் தட்டு வாங்கி வைத்திருக்கிறார். ஜிம்மி அதைக் கொண்டுபோய் மாமியின் கட்டிலுக்கு அடியில் போட்டுவிட்டு வந்து பந்தைத்தான் கேட்கிறான்.

தண்ணீரில் ஆடிவிட்டு வந்த நாய் வாந்தி எடுத்தாலோ, எச்சில் ஒழுகினாலோ, வயிறு உப்பினாலோ, கால் பின்னினாலோ தூங்கி எழட்டும் என்று காத்திருக்காதீர்கள். பெரிய நாய் வயிறு உப்பி, வாந்தி வராமல் குமட்டிக்கொண்டே இருந்தால் வயிறே முறுக்கிக்கொண்டிருக்கலாம், அதுவும் அதே வேகத்தில் ஓட வேண்டியதுதான். வீட்டில் உப்பைக் கரைத்து ஊற்றுகிற கைவைத்தியம் வேண்டவே வேண்டாம். கிளினிக்கில் நுழைந்ததும் முதல் வார்த்தையே "தண்ணீரில் விளையாடினது, இத்தனை நேரம்" என்று இருக்கட்டும், சோடியம் பார்க்கச் சொல்லிக் கேளுங்கள். அவர் கேட்பார் என்று விட்டால் கேட்காமல் போகலாம். மழைக்காலத்தில் தள்ளாடுகிற நாயைப் பார்த்தால் எலி மருந்து தின்றிருக்குமோ என்றுகூடத் தோன்றும்.

பரேலில் 19ஆம் நூற்றாண்டிலிருந்தே பாய் சக்கர்பாய் தின்ஷா பெட்டிட் மிருக ஆஸ்பத்திரி இருக்கிறது. 2024ல் மகாலட்சுமியில் டாட்டா டிரஸ்ட் சிறு பிராணிகள் ஆஸ்பத்திரி திறந்தார்கள். ஆனால் செம்பூர், மாதுங்கா பக்கம் ஞாயிறு ராத்திரி பத்து மணிக்கு நாய்க்கு ரத்தம் எடுத்து அங்கேயே சோடியம் பார்க்கிற கிளினிக் எது எது என்று ஒரு பட்டியல் தயாரித்துக்கொண்டிருக்கிறேன். நேரில் போய் அனுபவப்பட்டவர்கள் பின்னூட்டத்தில் சொல்லுங்கள், சேர்த்துவிடுகிறேன்.